டப்பிங் கிடையாது

விக்னேஷ் சென்னையிலிருந்து போனில் பேசினான். இணையத்தில் படங்களை வெளியிடும் நிறுவனத்தில் அவன் சொன்னால் நடக்கும்.

"படம் எங்களுக்குப் பிடிச்சிருக்கு மேடம். அந்தம்மா நடிப்பு பிரமாதம். ஆனா அவங்க பேசுறதுதான் பாதி பேருக்குப் புரியாது. நல்ல டப்பிங் ஆர்ட்டிஸ்ட் வச்சு குரலை மட்டும் மாத்திடுங்க. அடுத்த மாசமே ரிலீஸ்."

யோசித்துச் சொல்வதாகச் சொல்லிப் போனை வைத்தாள் ஜெயப்பிரியா. நாயுடுபுரத்தில் டாக்ஸி ஓட்டுபவரின் மகள் அவள். இது அவள் இயக்கிய மூன்றாவது படம். முதல் படத்தின் கடைசிக் கால் மணி நேரத்தைத் தயாரிப்பாளர் வெட்டி, வேறு முடிவை ஒட்டினார். அவள் சம்மதித்தாள். தன் பெயர் போட்ட அந்தப் படத்தை இன்றுவரை முழுதாகப் பார்த்ததில்லை. இரண்டாவதை யாரும் வாங்கவில்லை.

மறுநாள் காலை மலைக்கிராமமான மன்னவனூருக்குப் பஸ் ஏறினாள். படத்தின் நாயகி ராஜகுமாரி அங்கே பூண்டு விவசாயம் செய்பவள். நிலத்துக்குத் தன் பெயரில் பட்டா கேட்டு அலையும் பெண்ணாக நடித்திருந்தாள். அதற்கு முன் கேமராவையே பார்த்திராதவள். வாசலில் உட்கார்ந்து பூண்டைக் கட்டுக் கட்டிக்கொண்டிருந்தாள்.

விஷயத்தைக் கேட்டதும் கை நின்றது.

"ஏங் கொரலு நல்லால்லையாமா?"

"கொரல் நல்லாத்தான் இருக்காம்க்கா. பேச்சுதான் புரியலையாம்."

"வடுகபட்டிச் சந்தையில நான் வெலை பேசுறது அத்தனை யாவாரிக்கும் புரியுது. இவுகளுக்குப் புரியலையாக்கும்?"

ஜெயப்பிரியா தலையைக் குனிந்துகொண்டாள். "நீங்க சரின்னு சொன்னா மாத்திரலாம்க்கா. படம் ஊரெல்லாம் போகும்."

"நான் சரின்னா?" ராஜகுமாரி எழுந்துவிட்டாள். "எதுக்கு எம்மேல போடுற? மாத்தணும்னு ஒனக்கு ஆசையிருந்தா அதைச் சொல்லு. பனியில நிக்கவச்சு ஒரே வார்த்தைய இருவது தடவ சொல்லச் சொன்னியே. 'ஒங்க பேச்சுலயே சொல்லுங்க'ன்னியே. அதெல்லாம் எதுக்கு?"

ஜெயப்பிரியாவுக்கு முகம் சுட்டது. அவள் வந்தது அனுமதி கேட்க அல்ல. விட்டுக்கொடுப்பதற்கு ஒரு துணை தேடித்தான். அது இப்போதுதான் அவளுக்கே தெரிந்தது.

"படம் ஒன்னோடது. அதை நீ என்னமும் செய். கொரலு என்னோடது. தரமாட்டேன்."

அந்த வாசலிலேயே நின்று ஜெயப்பிரியா விக்னேஷைப் போனில் கூப்பிட்டாள்.

"டப்பிங் கிடையாதுங்க."

"மேடம், கொஞ்சம் பிராக்டிகலா இருங்க. எங்களை விட்டா இதை யாரு பார்ப்பா?"

"யாரைப் பத்தி எடுத்தேனோ அவங்க பார்ப்பாங்க."

"அது ஒரு கெரியரா?"

"என் கெரியர்தானே? நான் பார்த்துக்கிறேன்."

அந்த ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் மன்னவனூர்ச் சமுதாயக் கூடத்தின் சன்னல்களையெல்லாம் கம்பளியால் மூடினார்கள். சுவரில் கட்டிய வெள்ளை வேட்டி திரையாயிற்று. இருநூறு பேராவது வந்திருப்பார்கள். முதல் பத்து நிமிஷம் ஒரே சிரிப்பு, "ஏலே, நம்ம ராஜகுமாரிடா!" என்ற கூச்சல். பிறகு அடங்கிவிட்டார்கள். திரையில் அதிகாரி, "வீட்டு ஆம்பளையக் கூட்டிட்டு வாம்மா" என்றதும் பின்வரிசையிலிருந்து ஒருத்தி, "எதுக்கு? மம்பட்டி பிடிச்சது அவனா?" என்று கத்தினாள். கூடமே கைதட்டியது. திரையில் ராஜகுமாரி சொன்ன பதில் அதில் யாருக்கும் கேட்கவில்லை.

"ஏங் கொரலை மறைச்சுட்டாளே!" என்று ராஜகுமாரி சத்தமாகவே அலுத்துக்கொண்டாள். ஜெயப்பிரியா படத்தை நிறுத்தி, அந்தக் காட்சியை மறுபடி ஓட்டினாள்.

அதன் பிறகு எந்த நிறுவனமும் கூப்பிடவில்லை. ஊர்கள் கூப்பிட்டன. ஒன்பதாவது காட்சி பெருமாள்மலையில், ஒரு கடையின் பின்கட்டில். பட்டா கேட்டு அலையும் இரண்டு பெண்கள் காகிதக் கட்டுகளோடு வந்து முன்னால் உட்கார்ந்தார்கள். கடைக்காரர் திருமலைச்சாமி ஜெயப்பிரியாவிடம், "படம் எப்பம்மா ரிலீஸ்?" என்று கேட்டார்.

"இதுதாங்க ரிலீஸ்" என்றாள் அவள். "லைட்டை அணைங்க."