மாடம்மாளின் வக்காலத்து

மாடம்மாள் புளியை உருட்டிக்கொண்டிருந்தாள். எதிரில் வந்து நின்ற செருப்பைப் பார்த்தவள், முகத்தைப் பார்க்காமலே, "கிலோவா, அரையா?" என்று கேட்டாள். நின்றவர் ராமசுப்ரமணியன். மாவட்ட நீதிபதியாக இருந்து ஓய்வு பெற்றவர். சாலைக் கடைத்தெருவில் இந்த இடத்தை மட்டும் இருபத்து மூன்று வருடமாகத் தவிர்த்துச் சுற்றுவழியில் போனவர். அவள் உட்கார்ந்திருந்தது, ஒரு காலத்தில் அவளுடையதாயிருந்த பலசரக்குக் கடையின் படியில். உள்ளே இப்போது செல்போன் உறைகள் தொங்கின.

அவர் நீதிபதியாக இருந்தது பதினோரு வருடம். அதற்கு முன் வக்கீலாக இருந்த பத்து வருடத்தையும் சேர்த்தால் ஓய்வூதியம் ஏறக்குறைய இரட்டிக்கும். சேர்க்கலாம் என்று உத்தரவும் இருந்தது. ஆனால் பத்து வருடமும் இடைவெளி இல்லாமல் தொழில் செய்திருக்க வேண்டுமாம். கடைசி வருடத்துக்கு அத்தாட்சி எங்கே என்று கேட்டு மூன்று முறை மனுவைத் திருப்பிவிட்டார்கள். கோர்ட்டில் பழைய கட்டுகளை அழித்தாயிற்று. சீனியரும் போய்விட்டார். வெள்ளிக்கிழமை கெடு. அதை நீட்டித் தரும்படி கேட்கலாம். டாக்டர் அவருக்குச் சொன்ன கெடுவை யாரிடம் போய் நீட்டச் சொல்வது? மார்ச் தாண்டினால் அதிசயம். அப்புறம் மகள் சுப்ரியாவுக்குக் கிடைப்பது இந்த ஓய்வூதியத்தில் ஒரு பங்குதான். நாற்பத்திரண்டு வயது, யாராவது ஊட்டினால் சாப்பிடுவாள். வித்துராவில் பார்த்து வைத்திருந்த காப்பகத்துக்கு இப்போதைய பங்கு காணாது. ராத்திரி கண்ணை மூடினால், ஊட்ட ஆளில்லாத தட்டின் முன்னால் அவள் வாயைத் திறந்துகொண்டு உட்கார்ந்திருப்பது தெரிந்தது. பழைய குமாஸ்தா லிங்கராஜ்தான் சொன்னார், அந்தக் கடைசி வருடத்துக் கட்சிக்காரி மாடம்மாள் ஒரு காகிதத்தையும் கிழித்துப் போடமாட்டாள் என்று.

அவர் எல்லாவற்றையும் சொல்லி முடிக்கும்வரை அவள் புளியைவிட்டுக் கையெடுக்கவில்லை. பிறகு மடியருகே இருந்த ரெக்ஸின் பையைத் திறந்தாள்.

"இரிங்க வக்கீலே. ஜட்ஜி ஆயிட்டியன்னு கேள்விப்பட்டேன். எனக்கு வக்கீலுதான்."

அவரைத் தன் வக்கீலாக அமர்த்தி அவள் கொடுத்த வக்காலத்து மேலே இருந்தது. நீல மையில் அவர் கையெழுத்து, தேதியோடு. அவர்கள் அத்தாட்சி கேட்ட அதே வருடம். நீட்டிய கைக்கு அவள் கொடுக்கவில்லை. அடுத்த தாளைப் புரட்டிக் காட்டினாள். கடையைக் காலிசெய்யச் சொன்ன தீர்ப்பு. பிரதிவாதியின் வக்கீல் ஆஜராகவில்லை என்று முதல் வரியிலேயே இருந்தது. இரண்டையும் சேர்த்து, நிறம் போன கோர்ட் நூல் கட்டியிருந்தது.

"ஜட்ஜி மனசு வைக்கேல்லன்னு சொன்னிய அன்னைக்கு. நானும் அந்த ஜட்ஜியத்தான் ஏசிட்டு இருந்தேன். பேத்தி ஜினி படிச்சு வந்த பொறவு வாசிச்சுச் சொன்னா. எங்க போனிய?"

"எறணாகுளம்." என்றார் அவர். "ஜட்ஜ் இன்டர்வியூ."

"கிட்டிச்சுல்லியா."

முன்தாள் மட்டும் போதும் என்றார். மறுதாள் சேர்ந்து போனால், அப்போதே தொழிலை விட்டுவிட்டார் என்று எழுதிவிடுவார்கள் என்றார். சுப்ரியாவின் பெயரைச் சொன்னார். வாழ்நாளில் முதல்முறையாக ஒரு கட்சிக்காரியின் முன்னால் கைகூப்பினார்.

"ஒங்க கொச்சுப்பிள்ள எனக்க பேத்தியப் போலத்தான். கொண்டு போங்க. ஆனா நூல அவுக்கப்பிடாது. கொண்டு போனா ரெண்டும் போணும்."

முடிவாக, நூலை அவிழ்க்காமல் நகல் எடுத்துக்கொள்ளச் சம்மதித்தாள். புளியைச் சாக்கால் மூடிவிட்டுத் தானும் எழுந்து வந்தாள்.

நகல் கடைப் பெண் சிஜி வக்காலத்தைக் கண்ணாடிமேல் குப்புற வைத்தாள். நூல் கட்டிய விளிம்பைப் பிடித்திருந்த கையை மாடம்மாள் எடுக்கவில்லை. மூடி முழுக்க இறங்காமல் நின்றது. பச்சை வெளிச்சம் ஒரு ஓரத்திலிருந்து ஊர்ந்து, புளிக்கறை ஏறிய அவள் விரல்கள்மேல் போய்த் திரும்பியது.

"பின்தாளும் எடுக்கணோ, சாரே?"

ராமசுப்ரமணியன் வெளியே வந்த தாளைப் பார்த்தபடி நின்றார். அது இன்னும் சூடாக இருந்தது. அவருடைய கையெழுத்து தெளிவாக விழுந்திருந்தது. அதன் பக்கத்தில், தாளின் விளிம்பைப் பற்றியபடி, நான்கு கறுத்த விரல்கள்.