பாதியில் நின்ற கொடி

என் புருஷன் வேலை பார்த்த போர்க்கப்பல் செவ்வாய்க்கிழமை காலை வீட்டு வாசலில் வந்து நின்றது. அறுபத்துநாலு பீரங்கி. தெருவை அடைத்துக்கொண்டதால் பால்காரர் சுற்றிக்கொண்டு போனார்.

"அண்ணி, கப்பல் ஆபீஸ்ல எனக்கு ஒரு பேர் வாங்கணும். கூட வர்றீங்களா?" என்றது.

என் புருஷன் சவரிராயன் அதில் பாய்மரம் ஏறுகிற ஆள். எட்டு வருஷமாகத் தகவல் இல்லை.

"அவரு எங்கே?"

"அஞ்சு மணிக்குள்ள போகணும் அண்ணி" என்றது கப்பல். அந்த மனுஷனும் இப்படித்தான், கேட்டது ஒன்று, சொல்வது ஒன்று. சேலையை மாற்றிக்கொண்டு கிளம்பினேன்.

பிரெஞ்சுக்காரர்களின் கப்பல் ஆபீஸ் புதுச்சேரிக் கடற்கரையில் இருந்தது. நாங்கள் நுழைந்ததும் தாழ்வாரம் கப்பலுக்குத் தகுந்தபடி நீண்டது. அதன் கோடியில் ஒரு குமாஸ்தா இருந்தார். ஐயா என்றால் திரும்ப மாட்டார், முசே என்று கூப்பிட வேண்டும்.

"பணி விவரம் சொல்லு."

"பத்தொன்பது வருஷம் பிரெஞ்சு ராஜாவுக்கு. அப்புறம் இங்கிலீஷ்காரன் பிடிச்சு வேற பேர் வெச்சான். எட்டு வருஷம் நம்ம ஆளுங்களையே சுட்டேன். வயசாச்சுன்னு விட்டுட்டான். வெச்ச பேரையும் பிடுங்கிக்கிட்டான். என் பழைய பேர் பசியான்ஸ், அதுதான் வேணும்."

"பசியான்ஸா? அந்தப் பேர்ல வேற கப்பல் கட்டியாச்சு. பேரில்லாத கப்பல் அஞ்சு மணிக்கு விறகுக்குப் போயிடும்."

சுவரோரம் இரண்டு பேர் ரம்பத்தோடு உட்கார்ந்து முறுக்குத் தின்றுகொண்டிருந்தார்கள்.

"ஐயோ பாவம் முசே, ஏதாவது வழி பாருங்க" என்றேன்.

"சரணடைஞ்ச கப்பலுக்கு வழி இல்லை."

"நான் சரணடையலை" என்றது கப்பல். "கொடி பாதிதான் இறங்குச்சு. துக்கத்துக்கு இறக்கினது. எதிரி தப்பா நினைச்சுட்டான்."

"யார் செத்தது? கேப்டனா?"

"இல்லை."

"கொடியை யார் இறக்கினது?"

கப்பல் என்னைப் பார்த்தது. "யாருமில்லை. கயிறு தளர்ந்துபோச்சு."

பொய். குமாஸ்தா பேனாவை மூடினார். ரம்பக்காரர்கள் எழுந்தார்கள்.

எட்டு வருஷத்துக்கு முன்னால் அவருக்கு நான்தான் கடுதாசி போட்டேன். நம்ம குழந்தை கண்ணை மூடிட்டா, கடைசியா முகத்தைக்கூட நீங்க பார்க்கலையே என்று எழுதினேன்.

"என் வீட்டுக்காரர்தான் இறக்கினார் முசே. எங்க பொண்ணுக்காக. நாலு வயசு."

கப்பல் மெதுவாகப் பேசியது. "கடுதாசி வந்த அன்னைக்கே எதிரியும் வந்துட்டான் அண்ணி. தப்பு தெரிஞ்சதும் கொடியை மறுபடி ஏத்த ஓடினாரு. கொடிமரத்துல ஏறும்போதே குண்டு பட்டு உயிர் போயிடுச்சு."

மேஜையைப் பிடித்துக்கொண்டு அழுதேன். பாவி மனுஷன், அவளுக்காக அழ ஒரு இடம் கிடைக்காமல் கொடிமரத்துக்குப் போயிருக்கிறார்.

குமாஸ்தா மறுபடி பேனாவைத் திறந்தார்.

"யாருக்காகத் துக்கம் காத்துச்சோ அவங்க பேரைக் கப்பல் எடுத்துக்கலாம். விதி இருக்கு. பொண்ணு பேர் என்ன?"

"அருளாயி."

பதிவேட்டைப் புரட்டினார். "காலியாத்தான் இருக்கு" என்று எழுதி முத்திரை குத்தினார். ரம்பக்காரர்கள் மறுபடி முறுக்குக்கு உட்கார்ந்தார்கள்.

வெளியே நல்ல வெயில். கப்பல் தெருமுனையில் நின்று கடலையே பார்த்துக்கொண்டிருந்தது. எட்டு வருஷமாக நான் வாய்விட்டுச் சொல்லாத பேரைச் சொன்னேன்.

"அருளாயி."

"என்னம்மா?"

"வெயில்ல நிக்காதே. வீட்டுக்கு வா."