கடலை விழுதின் மேல் ஒரு சிட்டிகை

சின்னவள் அக்காவின் சமையலறையை முதலில் கழுவினாள், பிறகுதான் அடுப்பைப் பற்றவைத்தாள். மேடை, அலமாரிக் கைப்பிடிகள், மிக்ஸி ஜாரின் அடியிலுள்ள ரப்பர் வளையம் என்று எதையும் விடவில்லை. வெட்டுப்பலகையும் கரண்டிகளும் புதியவை. விருந்துகளுக்குச் சமைத்துக் கொடுப்பதுதான் அவள் தொழில். உப்பு கூடிவிடுமோ, ஆறிவிடுமோ என்றெல்லாம் பயந்திருக்கிறாள். சாப்பிடுகிறவருக்கு மூச்சு நின்றுவிடுமோ என்று பயந்து சமைப்பது இதுதான் முதல் தடவை.

போன வருஷம் ஓர் ஓட்டலில் அக்கா குடித்த சூப்பில் கெட்டியாவதற்காகக் கோதுமை மாவு கரைத்திருந்தார்கள். காரில் திரும்பும்போது அக்காவின் உதடு வீங்கியது, பிறகு தொண்டை. கிழிந்த துருத்தியிலிருந்து காற்று வருவதுபோல ஒரு சத்தம். பக்கத்தில் உட்கார்ந்திருந்தவள் சின்னவள். அந்தச் சத்தம் இப்போதும் சில சமயம் குளிக்கும்போது தண்ணீருக்குள்ளிருந்து கேட்கும்.

கோதுமை ஆகவே ஆகாது, மற்ற தானியங்களும் வேண்டாம் என்று டாக்டர் சொல்லிவிட்டார். அன்றிலிருந்து அக்காவின் கைப்பையில், மூச்சடைத்தால் உடனே போட்டுக்கொள்ள ஓர் ஊசி மருந்து இருக்கிறது. தன் கையால் சமைத்ததைத் தவிர அவள் எதையும் வாயில் வைப்பதில்லை. அத்தானுக்குப் பதவி உயர்வு வந்து, ஆபீஸ்காரர்களை வீட்டுக்கு அழைப்பது என்று முடிவானபோதுதான் அவள் போன் செய்தாள்.

"ஒரு நாளாவது எல்லாரோடயும் நின்னு, அவங்க சாப்பிடறதையே நானும் சாப்பிடணும்டி. நீ செஞ்சா சாப்பிடுவேன்."

அந்த வார்த்தை சின்னவளை ஒரு வாரம் தூங்கவிடவில்லை.

பல நாட்டுச் சமையலையும் கலந்து, தானியம் ஒரு துளியும் இல்லாமல் எல்லாவற்றையும் யோசித்து வைத்திருந்தாள். மரவள்ளி மாவில் சுட்ட சிறு வட்டுகள், அவற்றின் மேல் எலுமிச்சைச் சாற்றில் ஊறிய மீன். லெட்டூஸ் இலைக்குள் தேங்காய்ப்பாலில் சுண்டிய இறால். சோயா சாஸில் கோதுமை இருக்கும் என்பதால் புளியும் பனைவெல்லமும் உப்பும் சேர்த்துக் காய்ச்சிய கறுப்புச் சாறு. வறுத்த வாழைக்காய் வில்லைகளின் மேல் பூண்டோடு அரைத்த கொண்டைக்கடலை விழுது, அதன்மேல் சூடான எண்ணெயில் ஒரு தாளிப்பு.

பானங்கள் அத்தான் பொறுப்பு. கரும்பு ரம்மில் இஞ்சியும் புளியும், திராட்சை பிராந்தியில் மாதுளைச் சாறும் கலக்கச் சொல்லியிருந்தாள்.

"விஸ்கி?" என்றார் அத்தான்.

"பார்லி."

"பீர்?"

"அதுவும் பார்லிதான் அத்தான்."

"அப்புறம் நான் எதுக்கும்மா பதவி உயர்வு வாங்கினேன்?"

அக்கா சிரித்தாள். சின்னவளுக்குச் சிரிப்பு வரவில்லை.

மாலை வெயில் சாயும்போது விருந்தினர் வந்துவிட்டார்கள். கூடத்தில் பேச்சும் கண்ணாடிக் கோப்பைகளின் சத்தமும் நிறைந்தன. கதவோரம் நின்று சின்னவள் அக்காவின் கழுத்தையே பார்த்துக்கொண்டிருந்தாள். அக்கா தட்டோடு ஒவ்வொருவராகப் போய்ப் பேசினாள். நடுவில் வந்து, "அந்த வாழைக்காய் பிரமாதம்டி" என்று காதில் சொல்லிவிட்டுப் போனாள். அதன் பிறகுதான் சின்னவள் சமையலறைக்குத் திரும்பினாள்.

அத்தானின் மேனேஜரம்மா ஒரு வாழைக்காய் வில்லையைக் கையில் பிடித்தபடி சமையலறைக்கே வந்துவிட்டார்.

"இதுல என்ன போட்டீங்க? என்னமோ ஒரு வாசனை, விட மாட்டேங்குது."

"ஒண்ணுமில்லீங்க. கடலை, பூண்டு, எள்ளு, எலுமிச்சை. மேல தாளிச்சுக் கொட்டினேன். கடுகு, மிளகாய், பெருங்…"

நாக்கு அங்கேயே நின்றுவிட்டது.

பெருங்காயம். எண்ணெய் காய்ந்ததும் அவள் கை தானாகப் பைக்குள் போயிருக்கிறது. கத்திகளோடு எந்த விருந்துக்கும் கூடவே வரும் அந்தச் சின்ன டப்பா. கடலை, கிழங்கு எது அடுப்பேறினாலும் வாயு பிடிக்காமலிருக்க ஒரு சிட்டிகை. மாவுகளையெல்லாம் சந்தேகப்பட்டவள் இதை மாவாக நினைக்கவேயில்லை. அவளுக்கு அது ஒரு வாசனை மட்டும்தான். அது பொடியாக இருப்பதற்காகவே பாதிக்கு மேல் கோதுமை மாவு சேர்க்கிறார்கள் என்பது அவளுக்குத் தெரியாத விஷயமும் இல்லை.

மேனேஜரம்மா ஏதோ கேட்டார். அவள் காதில் விழவில்லை.

கூடத்துக்குப் போய் அக்காவின் மணிக்கட்டைப் பிடித்தாள். யார் பார்க்கிறார்கள் என்று யோசிக்கவில்லை. இழுத்துக்கொண்டு போய்ப் படுக்கையறைக் கதவைச் சாத்தினாள்.

"ஊசி எங்க?"

"எதுக்குடி? என்ன ஆச்சு?"

"வாழைக்காய்ல பெருங்காயம் போட்டுட்டேன். டப்பாப் பெருங்காயம். ஊசி எங்கக்கா?"

அக்கா அசையவில்லை. அவள் மூச்சைக் கேட்பதற்காகச் சின்னவள் தன் மூச்சை நிறுத்தினாள். கூடத்தில் யாரோ பலமாகச் சிரித்தார்கள்.

"நான் சாப்பிடலடி" என்றாள் அக்கா, கட்டில் ஓரத்தில் மெதுவாக உட்கார்ந்து.

"பிரமாதம்னு சொன்னியே."

"சொன்னேன். ஒண்ணு கூட வாயில வைக்கல. தட்டுல எடுத்து எடுத்து உங்க அத்தான் தட்டுக்குத் தள்ளிட்டிருந்தேன். மனுஷன் இன்னிக்கு ரெண்டு ஆள் சாப்பாடு." சிரிக்கப் பார்த்தாள், முடியவில்லை. "உதடு வரைக்கும் கொண்டு போறேன். அந்தக் கார் ஞாபகம் வந்துடுது."

சின்னவள் தரையில் உட்கார்ந்தாள். உயிர் திரும்பி வந்தது. அதன் பின்னாலேயே வேறொன்றும் வந்தது. அக்கா தன்னை நம்பவில்லை. நம்பாததால்தான் இப்போது உட்கார்ந்து பேசிக்கொண்டிருக்கிறாள். இதற்கு வருத்தப்படுவதா, கும்பிடுவதா?

"எங்க வீட்ல அந்த டப்பாதான் முதல்ல குப்பைக்குப் போச்சு" என்றாள் அக்கா. "உன்கிட்ட சொல்லணும்னு எனக்கும் தோணல பாரு."

அக்கா கைப்பையிலிருந்து ஊசியை எடுத்து இடுப்பில் செருகிக்கொண்டாள்.

"மீனும் இறாலும்?" என்று கேட்டாள் அக்கா. "அது சாப்பிடலாமா?"

சின்னவள் காலையிலிருந்து தன் கைகள் செய்ததையெல்லாம் நினைவில் ஓட்டிப் பார்த்தாள். டப்பாவைத் தொட்ட விரல்கள் பிறகு எதைத் தொட்டன? இலைகளைப் பிரித்தது முன்பா, பின்பா? கைத்துண்டில் துடைத்தாளா? அந்தத் துண்டால் எதைத் துடைத்தாள்? கழுவிக் கழுவி வைத்த அந்தச் சமையலறையில் இப்போது கண்ணுக்குத் தெரியாத அந்தப் பொடி எல்லா இடத்திலும் ஒட்டியிருந்தது.

"தெரியலக்கா" என்றாள். "சத்தியமா தெரியல."

அக்கா அவளை நிமிர்ந்து பார்த்தாள்.

"ஒரு வருஷமா எல்லாரும் 'ஒண்ணும் ஆகாது, சும்மா சாப்பிடு'ன்னுதான் சொல்றாங்க. உங்க அத்தான், மாமியார், ஆபீஸ்ல, எல்லாரும். தெரியலன்னு நீதான் முதல்ல சொல்ற." எழுந்து புடவையைச் சரிசெய்தாள். "வா. என் வாணலி மேல் அலமாரில உறை போட்டு இருக்கு. பிரிக்காத எண்ணெய் இருக்கு. எனக்குன்னு ஒண்ணே ஒண்ணு செஞ்சு குடு. நான் பக்கத்துல நிக்கறேன்."

"வேணாம்க்கா."

"வாடி."

வாழைக்காய்த் தட்டு குப்பைக்குப் போனது. அத்தானை வாய் கொப்பளித்துக் கை கழுவச் சொன்னார்கள். வாழைக்காயில் பெருங்காயம் என்றதும் அவர் முகம் வெளுத்தது. சின்னவள் புடவையின் மேல் அக்காவின் பழைய சட்டையைப் போட்டுக்கொண்டாள். நகக்கண்கள் எரியும்வரை கையைத் தேய்த்தாள். துணி காயவைக்கும் பின்கட்டில் சின்ன அடுப்பை வைத்து, அக்காவின் கத்தியால் சர்க்கரைவள்ளிக் கிழங்கைச் சீவி எண்ணெயில் போட்டாள். உப்பு மட்டும். ஒவ்வொரு அசைவையும் அக்கா பார்த்துக்கொண்டே இருந்தாள்.

ஒரு துண்டை எடுத்து ஊதி, அக்கா உதடு வரை கொண்டு போனாள். கை அங்கேயே நின்றது. ஊசி அவள் இடுப்பில் செருகியிருந்தது.

பிறகு கடித்தாள். மென்றாள். விழுங்கினாள்.

சின்னவள் அந்தத் தொண்டை ஏறி இறங்குவதைப் பார்த்தாள். காற்று உள்ளே போவதையும் வெளியே வருவதையும் கேட்டாள். மறுபடி உள்ளே. கூடத்தில் யாரோ அக்காவைத் தேடிக் கூப்பிட்டார்கள்.

"இப்படி முறைச்சா எப்படிடி விழுங்கறது?" என்று இரண்டாவது துண்டை எடுத்தாள் அக்கா.

சின்னவள் பார்வையை எடுக்கவில்லை.