டிக் போட்ட பெட்டி

"சதுரமாவா?"

"சதுரமாத்தான். நம்ம பெட்டி மாதிரி ஆறு பக்கம்."

"ஆறு பக்கமா கக்கா போவுதுன்ற."

"அந்த மிருகத்துக்கு வோம்பட்டுன்னு பேரு மாமு. ஆஸ்திரேலியாவுல கீது. கல்லு மேல போனாலும் உருண்டு வுழாம அப்டியே நிக்குமாம்."

"அப்ப ஒண்ணு மேல ஒண்ணு அஞ்சு அடுக்கு வெக்கலாம். நம்ம ஸ்டேக்கர் வண்டிய அங்க அனுப்பி வுடு நைனா, கெராக்கி நல்லா கீது."

துரை சிரித்த சிரிப்பில் வாயிலிருந்த பாக்குத் தூள் தெறித்தது. தீபனும் சிரித்துக்கொண்டே சாக்பீஸை எடுத்து, எதிரே நின்ற காலிக் கன்டெய்னரின் கதவில் பெரிதாக ஒரு டிக் போட்டான்.

அதுதான் தப்பு. ஆனால் அந்த யார்டில் எல்லோரும் செய்கிற தப்பு.

திருவொற்றியூரைத் தாண்டி எண்ணூர் போகும் சாலையோரம், சரக்கை இறக்கிவிட்டு வெறும் வயிறாக நிற்கும் பெட்டிகளுக்கென்றே ஒரு யார்டு. பெட்டிகளில் ஓட்டை உடைசல் இருக்கிறதா என்று பார்த்துச் சொல்வது எட்டு வருஷமாகத் தீபனின் வேலை. அதற்கு லைட் டெஸ்ட் என்று பெயர். அவன் உள்ளே போவான். துரை வெளியிலிருந்து கதவைச் சாத்தித் தாழ்க்கம்பியைப் போடுவார். உள்ளே கும்மிருட்டு. எங்காவது ஊசிமுனை வெளிச்சம் தெரிந்தால் பெட்டி ஓட்டை. தெரியாவிட்டால் நல்ல பெட்டி. எப்படியானாலும் உள்ளிருந்து இரண்டு தட்டு தட்டினால் துரை திறந்துவிடுவார். வெளியே வந்த பிறகுதான் டிக் போட வேண்டும் என்பது விதி. ஒரு நாளைக்கு நூற்றிருபது பெட்டி பார்க்கிறவன் எந்த விதியைப் பார்ப்பான்? முன்கூட்டியே டிக் போட்டுவிட்டு உள்ளே போவான். ஓட்டை இருந்தால் வெளியே வந்து உள்ளங்கையால் அழித்துவிடுவான்.

டிக் போட்ட பெட்டியை ஸ்டேக்கர் வண்டி வந்து தூக்கிப்போய் அடுக்கிவிடும். யாரையும் கேட்காது.

மே மாதம், பதினொன்றரை மணி. பெட்டி நம்பர்களைப் பதியும் டேப்லெட்டை வழக்கம்போல் துரையின் கழுத்தில் மாட்டிவிட்டு உள்ளே நுழைந்தான் தீபன். கதவு மூடியது. கம்பி இறங்கும் சத்தம் கேட்டது.

உள்ளே புதுப் பெயின்ட் வாசனை. கண் இருட்டுக்குப் பழகியதும் அது தெரிந்தது: நீளச் சுவரில், தலைக்கு மேலே கை எட்டும் உயரத்தில், கொத்துமல்லி விதை அளவுக்கு ஒரு வெளிச்சப் பொட்டு. இந்தப் பெட்டி தள்ளுபடி. தீபன் இரண்டு தட்டு தட்டினான்.

அப்போது வெளியே ஒரு லாரியின் ஹாரன் விடாமல் கத்தியது. யாரோ "ரைட்ல, ரைட்ல" என்றார்கள். லாரி பின்னால் வரும்போதெல்லாம் கை காட்டப் போவதும் துரையின் வேலைதான். அந்தக் குரல் பாதியில் அலறலாக மாறியது. நிறையக் கால்கள் ஓடின. பிறகு அந்தச் சத்தங்கள் எல்லாம் தேய்ந்து தூரமாய்ப் போயின.

தீபன் மறுபடி தட்டினான். பிறகு குத்தினான். பிறகு கத்தினான்.

பதிலுக்கு வந்தது ஒரு கனமான இன்ஜின் சத்தம். தலைக்கு மேலே இரும்பு இரும்பைக் கவ்வும் நான்கு சத்தங்கள். அவன் தரை ஒரு பக்கமாகச் சாய்ந்து மேலே எழும்பியது. அடிவயிறு கீழேயே தங்கிவிட்டது போலிருந்தது. பெட்டி போய்க்கொண்டே இருந்தது, ஏறிக்கொண்டே இருந்தது, கடைசியில் எதன் மேலோ டம்மென்று உட்கார்ந்தது. உட்கார்ந்த பிறகும் கொஞ்ச நேரம் ஆடியது.

வெறும் பெட்டிகளை அடுக்குகிற உயரம் ஐந்து. இது நான்காவதோ ஐந்தாவதோ என்று அவன் வயிறே சொல்லிவிட்டது.

செல்போனில் ஒன்பது சதவீதம் சார்ஜ் இருந்தது. சிக்னல் இல்லை. கதவின் ரப்பர் விளிம்போடு ஒட்டிப் பிடித்தால் ஒரு கோடு வந்து வந்து போனது. வீட்டில் ரேகாவைக் கூப்பிட விரல் போனது. அவள் அழுவாள், அழுது முடிப்பதற்குள் சார்ஜ் போய்விடும். கேட் ஆபீஸில் கம்ப்யூட்டர் பார்க்கும் மோகனப்ரியாவைக் கூப்பிட்டான். நாலாவது தடவைதான் மணி அடித்தது.

"தீபா, எங்க போய்ட்ட? இங்க ஒரே பேஜாரா கீது. துரைண்ணன் கால் மேல டிரெய்லர் ஏறிடுச்சி. மயங்கிட்டாரு. சூப்பர்வைசரு கார்ல போட்டு ஆஸ்பத்திரிக்கு இட்டுகினு போயிருக்காரு."

"ப்ரியாக்கா, நா பெட்டிக்குள்ள கீறேன்."

"எந்தப் பெட்டிக்குள்ள?"

"தெரியலக்கா. லைட் டெஸ்டுக்கு உள்ள போனேன். தூக்கி அடுக்கிட்டானுங்க."



"நம்பர் சொல்லு," என்றாள், குரல் மாறி.

நம்பர் வெளியே கதவில் இருந்தது. உள்பக்கமும் எழுதியிருப்பார்கள், டார்ச் அடித்துத் தேடினான். சுவரில் நல்ல வெள்ளைப் பெயின்ட், போன வாரம்தான் அடித்திருக்க வேண்டும். அதன் அடியிலிருந்து நாலு எழுத்தும் இரண்டு எண்ணும் மட்டும் புடைத்துத் தெரிந்தன. அதைச் சொன்னான். அவள் தட்டும் கீ சத்தம் கேட்டது.

"அதே ஆரம்பத்துல அறுவத்திரண்டு கீது தீபா. எல்லாம் இன்னிக்கு போறது. ஒரு மணிக்கு ஹார்பர் வண்டிங்க வருது. சாயங்காலம் கப்பல்."

"நிறுத்தச் சொல்லுக்கா."

"டேப்லெட்டு துரைண்ணன் கழுத்தோட போய்ட்ச்சி. வாக்கி டாக்கியையும் சூப்பர்வைசரு எடுத்துகினு போய்ட்டாரு. இரு, நானே கீழ ஓடுறேன். நீ பதட்டப்படாத. தண்ணி கீதா?"

இல்லை. லைன் அறுந்தது. ஏழு சதவீதம்.

தகரத்தில் வெயில் ஏறிக்கொண்டிருந்தது. சட்டை முதுகோடு ஒட்டியது. தீபன் தரையில் உட்கார்ந்தான். தரைப் பலகையும் சுட்டது.

யார்டு வாட்ஸப் குரூப்பில் தினம் காலையில் அவன் ஒரு கேள்வி போடுவான். டோல்கேட்டில் பஸ் ஏறினால் இறங்கும்வரை அதைத் தேடிப் பிடிப்பதுதான் அவன் பொழுது. உலகத்தின் மிகச் சின்ன யுத்தம் எவ்வளவு நேரம் நடந்தது? ஆக்டோபஸுக்கு எத்தனை இதயம்? பதில் சாயங்காலம். ப்ரியாவைத் தவிர யாரும் சரியான பதில் போட மாட்டார்கள். "இத்த தெரிஞ்சிகினு இன்னா ஆவப் போது?" என்று துரை கேட்பார், ஆனால் அடுத்த நாள் காலையில் முதல் ஆளாக, "இன்னிக்கு இன்னாடா?" என்பார்.

இப்போது அந்த விஷயங்களெல்லாம் இருட்டில் ஒவ்வொன்றாக அவனைப் பார்க்க வந்தன. சான்சிபாரில் நடந்த யுத்தம் முப்பத்தெட்டு நிமிஷம். அவன் உள்ளே வந்தும் ஏறக்குறைய அவ்வளவாகிவிட்டது. ஆயிரத்துத் தொள்ளாயிரத்துத் தொண்ணூற்றிரண்டில் பசிபிக் கடலில் ஒரு கப்பலிலிருந்து பெட்டிகள் விழுந்தன. அதிலிருந்த ரப்பர் வாத்துகள் வருஷக்கணக்கில் ஒவ்வொரு கரையாக ஒதுங்கின. அந்தக் கேள்விக்கு ஆளாளுக்கு வாத்துப் படமாகப் போட்டுக் கொண்டாடினார்கள். வாத்துக்குப் பதில் பெட்டியில் ஒரு ஆள் இருந்திருந்தால் என்று அன்று ஒருவருக்கும் தோன்றவில்லை. ஆக்டோபஸுக்கு மூன்று இதயம். அவனுக்கு ஒன்றுதான், அது காதுக்குள் வந்து அடித்துக்கொண்டிருந்தது.

டார்ச்சை அணைத்தபோதுதான் எதிர்ச் சுவரைப் பார்த்தான்.

வெள்ளைப் பெயின்ட் மேல் ஏதோ அசைந்தது. முதலில் மயக்கம் என்று நினைத்தான். மங்கலாக, நிறம் கழன்ற துணி மாதிரி ஒரு படம். அடியில் வானம். வானத்தை நோக்கித் தொங்கும் பெட்டி அடுக்குகள். மேலே, கூரையோடு ஒட்டி, தரை. அந்தத் தரையில் ஒரு லாரி, சக்கரங்கள் மேலே இருக்க, பல்லி போல் ஊர்ந்து போனது. சத்தம் வெளியே கேட்டது. படம் உள்ளே ஓடியது.

இதையும் அவன்தான் கேட்டிருந்தான், போன வாரம். இருட்டறைச் சுவரில் சின்ன ஓட்டை இருந்தால் எதிர்ச் சுவரில் என்ன தெரியும்? வெளியுலகம், தலைகீழாக. இரண்டாயிரம் வருஷத்துக்கும் முன்பே சீனாவில் எழுதி வைத்திருக்கிறார்கள். எட்டு வருஷமாக இருட்டுப் பெட்டிக்குள் போய் வருகிறவன், ஓட்டையைக் கண்டதும் கதவைத் தட்டிவிட்டு வெளியேறியிருக்கிறானே தவிர, திரும்பி எதிர்ச் சுவரை ஒரு தடவைகூடப் பார்த்ததில்லை.

போனைக் கதவோரம் பிடித்தான். மணி அடித்தது.

"அக்கா, எனக்கு எதிர்ல இன்னா கீதுன்னு தெரியுது. நீலக் கூரை போட்ட ஒர்க்ஷாப். தலைகீழா."

"தலைகீழாவா? தீபா, மண்டையில அடிகிடி பட்டுச்சா?"

"போன வாரக் கேள்விக்கா. ஓட்டை, இருட்டு ரூம்பு."

மூச்சு வாங்க ஓடிக்கொண்டிருந்தவள் ஒரு கணம் நின்றாள். "சீனா," என்றாள்.

"ஆமா. ஒர்க்ஷாப் கூரை மேல் பக்கம் முழுசா தெரியுது. அப்ப நா அத்தவிட ஒசரத்துல கீறேன்."

"ஒர்க்ஷாப்ப பாத்த மாதிரி ஒரே வரிசைதான் கீது. கடைசி வரிசை. பன்னண்டு அடுக்கு." அவள் மறுபடி ஓடும் சத்தம். "அன்பரசன் ஓட்டுற ஸ்டேக்கர நிறுத்திட்டேன். இன்னொரு ஸ்டேக்கர்ல புது ஆளு, கண்ணாடிய ஏத்திகினு பாட்டு கேட்டுகினு கீறான், கத்துனா காதுல வுழல. ஹார்பர் வண்டியும் ரெண்டு முன்னாடியே வந்துட்ச்சி. நா வரேன், நீ தட்டிகினே இரு. தீபா? நீ தட்டி..."

போன் கையிலேயே அணைந்தது.

அவன் தட்டினான். செருப்பில்லாமல் சூட்டில் நிற்பது போல் கைகள் எரிந்தன. இரும்பைத் தொட முடியவில்லை. பாதுகாப்பு ஷூவால் உதைத்தான். ஒவ்வொரு உதைக்கும் பெட்டி முழுக்க அதிர்ந்தது, அவன் மூச்சும் குறைந்தது. நாக்கு மேலண்ணத்தோடு ஒட்டிக்கொண்டது.

சுவரில் பச்சையாக ஒரு புள்ளி வந்தது. ப்ரியாவின் துப்பட்டா. கூரையோரத் தரையில், தலை கீழாக, எறும்பு அளவில் அவள் வந்துகொண்டிருந்தாள். கையில் ஏதோ கம்பி. முதல் அடுக்கின் அடிப்பெட்டியை அடித்தாள். காதை வைத்துக் கேட்டாள். நகர்ந்தாள். அடுத்த அடுக்கின் அடிப்பெட்டியை அடித்தாள். அவள் கைக்கு எட்டுவது அடிப்பெட்டி மட்டும்தான்.

"மேலக்கா," என்று கத்தினான். "மேல."

அவன் குரல் சுவரில் மோதி அவனிடமே திரும்பியது. ஒர்க்ஷாப்பில் யாரோ தகரம் அறுத்துக்கொண்டிருந்தார்கள். அந்த இரைச்சலில் உச்சிப் பெட்டிக்குள் உதைப்பது எங்கே கேட்கப் போகிறது?

அப்போது படத்தின் ஓரத்திலிருந்து மஞ்சளாக ஒன்று நுழைந்தது. இரண்டாவது ஸ்டேக்கர். அது நேரே அவன் அடுக்கை நோக்கித் திரும்பியது. சுவரில் பெரிதாகிக்கொண்டே வந்தது. டிக் போட்ட பெட்டி. மேலடுக்கு. முதலில் எடுப்பது மேலடுக்கைத்தான்.

ஓட்டை. அதன் வழியே வெளிச்சம் உள்ளே வரும் என்றால், உள்ளிருந்து ஏதாவது வெளியே போகும். சட்டைப் பையிலிருந்த சாக்பீஸ் ஓட்டைக்குள் நுழையாத தடிமன். பேனாவைத் துரையிடம் கொடுத்திருந்தான். விரல்கள் இருட்டில் உடம்பெல்லாம் தேடி, கடைசியில் காலுக்கு வந்தன. ஷூ லேஸ். வெளிச்சத்தில் பளிச்சென்று தெரிய வேண்டும் என்பதற்காகவே ஆரஞ்சு நிறத்தில் கொடுத்தது. அதன் நுனியில் பிளாஸ்டிக் கூடு. அந்தக் கூட்டுக்குக்கூட ஒரு பேர் உண்டு, ஆக்லெட். அதைக் கேள்வியாகப் போட்ட அன்று குரூப்பே காறித் துப்பியது. "ஷூ கயிறு மூக்குக்கு பேரு வெச்சி ஆதார் கார்டு வாங்கப் போறியா?" என்றார் துரை.

லேஸை உருவி எடுத்தான். எக்கி நின்று ஓட்டையைத் தடவினான். விளிம்பு விரலைக் கிழித்தது. நுனியை உள்ளே கொடுத்தால், ஓட்டை அடைபட்டுவிடும். படம் போய்விடும். அதன் பிறகு ப்ரியா இருக்கிறாளா, போய்விட்டாளா, வண்டி எவ்வளவு தூரத்தில் இருக்கிறது, எதுவும் தெரியாது.

கடைசியாக ஒருமுறை சுவரைப் பார்த்தான். பச்சைத் துப்பட்டா அவன் அடுக்குக்கு நேர் கீழே வந்திருந்தது. அடிப்பெட்டியில் காதை வைத்திருந்தாள். அவளுக்குப் பின்னால் மஞ்சள் பாதிச் சுவரை அடைத்திருந்தது.

லேஸைத் தள்ளினான்.

இருட்டு. முழு இருட்டு, எந்தச் சோதனையிலும் தேறிவிடும் நல்ல பெட்டியின் இருட்டு. விரலளவு விரலளவாக லேஸ் வெளியே போனது. கையில் கொஞ்சம் மிஞ்சியதும் அதை ஆட்டினான். இழுத்தான், விட்டான், இழுத்தான், விட்டான். வெளியே அது ஆடுகிறதா, இரும்போடு ஒட்டிக் கிடக்கிறதா என்று தெரியவில்லை.

இன்ஜின் சத்தம் சுவருக்கு அப்பால், தொட்டுவிடும் தூரத்தில், உறுமியது. கூரையின் ஒரு மூலையில் இரும்பு இரும்பைக் கவ்வியது. பிறகு இன்னொரு மூலையில்.

தீபன் நெற்றியைச் சுடும் தகரத்தில் வைத்துக்கொண்டு, கத்த மூச்சில்லாமல், பக்கத்தில் நிற்கிறவளிடம் சொல்வது போல் மெதுவாகச் சொன்னான்.

"ப்ரியாக்கா, ஒரே ஒரு தபா மேல பாருக்கா."