பட்டையோடு போன முதலை

இப்போதெல்லாம் எதற்கெடுத்தாலும் ஒரு வகுப்பு. நாய் வளர்க்க வகுப்பு, பிள்ளை பெற வகுப்பு, தூங்குவதற்குக்கூட எங்கோ ஒரு வகுப்பு நடக்கிறதாம். சரி, பட்டணத்து ஆட்கள் எப்படியோ போகட்டும். முதலையைக் கொல்லவுமா வகுப்பு? அலுவலகத்தில் நாற்காலி போட்டு, திரையில் படம் காட்டி, மத்தியானம் ரொட்டியும் கொடுத்து, மாலையில் கையெழுத்துப் போட்ட காகிதம் ஒன்றைக் கொடுத்து அனுப்புகிறார்கள். முழங்கால் சேற்றில் ஒருநாள் நின்றறியாத ஒருவன், முதலைக்கு நோகாமல் சாவு கொடுப்பது எப்படி என்று சொல்லித் தருகிறான். அதைக் குறிப்பெடுத்துக்கொள்ள ஒரு கூட்டம்.

ஒனேசிம் வெரே அந்தப் பக்கமே தலைவைத்துப் படுக்கவில்லை. எழுபத்துநாலு வயது. லூசியானாவின் தென்கோடிச் சதுப்பில் எத்தனை முதலை சுட்டிருப்பார் என்று கேட்டால், கேட்டவன் வரித்துறை ஆளோ என்று மேலும் கீழும் பார்ப்பார். பள்ளிக்கூடம் நாலு வருஷம். அதற்குமேல் அவருக்கும் பிடிக்கவில்லை, வாத்தியாருக்கும் பிடிக்கவில்லை.

வகுப்புக்குப் போனவள் அவர் கொழுந்தியாள் லுதிவின். அதுதான் வினையாகிவிட்டது. முப்பது வருஷமாக அவரோடு படகில் வந்துகொண்டிருந்தவன் அவள் புருஷன், சகலை ஃபெர்னான். ஆகஸ்டு மாதம் கூரை ஏறி இடுப்பை உடைத்துக்கொண்டான். செப்டம்பர் முழுக்க வேட்டை. தனியாகப் போகமுடியாது. "நான் வர்றேன் மச்சான்" என்று லுதிவின் வந்து நின்றாள். அறுபத்தொரு வயதுக்காரி, பள்ளிப் பேருந்து ஓட்டுகிறவள். ஐம்பது பிள்ளைகளை ஒரு கண்ணாடியில் பார்த்தே அடக்குகிறவளிடம் ஒனேசிம் என்ன சொல்லித் தப்பமுடியும்?

இன்று வேட்டையின் கடைசி நாள். கையில் ஒரே ஒரு அடையாளப் பட்டை மிச்சம். சுட்ட முதலை ஒவ்வொன்றின் வாலிலும் அரசாங்கம் கொடுத்த பட்டையைப் பூட்டவேண்டும். ஒரு பட்டைக்கு ஒரு முதலை. பூட்டினால் கழற்ற முடியாது. இந்த வருஷம் அவருக்கு இருபத்தாறு. இருபத்தைந்து பூட்டியாயிற்று.

அந்த ஒன்றும் பூட்டியாக வேண்டும். சதுப்பு லெக்ளேர் அம்மாளுடையது. நிலம் யாருடையதோ அவர்கள் கைகாட்டும் ஆளுக்குத்தான் பட்டை. அந்த அம்மாள் போன மாதமே சொல்லிவிட்டாள், ஒரு பட்டை சும்மா திரும்பி வந்தாலும் அடுத்த வருஷம் பட்டையெல்லாம் கேல்வின் என்ற இன்னொரு வேட்டைக்காரனுக்குத்தான் என்று. கேல்வின் படகில் தண்ணீருக்கு அடியில் இருப்பதைக் காட்டும் திரை இருக்கிறது. படகு ஓட்டத் தெரியாது, திரை பார்க்கத் தெரியும். நாற்பது வருஷம் வெரே குடும்பம் பார்த்த தண்ணீர் அவனுக்குப் போவதா?

மாலை நாலரை மணிவரை ஒன்றும் சிக்கவில்லை. தண்ணீருக்கு ஒரு முழம் மேலே கழிகளில் கொக்கியோடு தொங்கிய கோழித்தொடைகள் அப்படியே நாறிக்கொண்டிருந்தன. கடைசியாகப் பழைய கால்வாய் முகப்பில் ஒரு கழி வெறுமையாக நின்றது. சைப்ரஸ் மரத்தில் கட்டிய கயிறு விறைத்து நீருக்குள் போயிருந்தது.

"பெருசு" என்றார் ஒனேசிம்.

"கயித்தக் கையில சுத்தாதீங்க மச்சான்."

"யாரு சுத்துனா?"

"இப்பத்தான் ஒரு சுத்து சுத்துனீங்க."

அவர் சுற்றைச் சத்தமில்லாமல் அவிழ்த்துக்கொண்டார். "வகுப்புல இதுவும் சொல்லிக் குடுத்தானா?"

"இது என் மாமியா சொன்னது. அவங்க சித்தப்பாவுக்கு ரெண்டு விரல் இல்ல."

லுதிவின் கயிற்றை வாங்கி இழுத்தாள். அடியில் மரக்கட்டையைப் போலக் கனத்த எதுவோ மெல்ல அசைந்து, பிறகு சடாரென்று சுழன்றது. படகு சாய்ந்தது. மேலே வந்த தலை ஒரு முழம் நீளம். ஒனேசிம் சிறுதுப்பாக்கியைத் தோளில் வைத்தார். மண்டை எலும்புக்குப் பின்னால் கால் டாலர் காசளவு ஒரு மெத்தென்ற இடம். அங்கே பட்டால் முதலைக்கு வெடிச்சத்தம்கூடக் கேட்காது.

"தலை நிக்கட்டும் மச்சான், அவசரப்படா..."

சுட்டுவிட்டார். முதலை அப்படியே தளர்ந்து வெளுத்த தொண்டையைக் காட்டியது.

"பாத்தியா? ஒரே குண்டு."

இருவரும் மூச்சுத் திணற விளிம்பின்மேல் இழுத்துப் போட்டார்கள். ஒனேசிம் வாயருகே கயிற்றை அறுத்துவிட்டார். படகின் பாதியை அது எடுத்துக்கொண்டது. லுதிவின் நீளக் கழியை எடுத்தாள்.

"இருங்க. கண்ணத் தொட்டுப் பாக்கணும். இமை ஆடினா உசுரு இருக்குன்னு அர்த்தம், இன்னொரு குண்டு போடணும். ஆடலன்னா பிடரிய அறுத்து மூளைக்குள்ள கம்பி விடணும். அப்புறம் வாயக் கட்டணும். அதுக்கப்புறந்தான் பட்டை."

"செத்ததுக்கு எதுக்குடி இத்தனை சடங்கு?"

அப்போதுதான் கரையிலிருந்த வில்லோ மரங்களுக்குள் ஏதோ பளிச்சென்று மின்னியது. ஒருமுறை. மறுபடி ஒருமுறை.

ஒனேசிம் சட்டென்று தலையைத் தாழ்த்தினார். தொலைநோக்கி! வனத்துறைக்காரன்கள்தான். கடைசி நாள் பார்த்து வந்து ஒளிந்திருக்கிறான்கள். முதலை கைக்கு வந்த மறுநிமிஷம் பட்டை பூட்டவேண்டும் என்பது சட்டம். பட்டையில்லாமல் படகில் கிடந்த முதலைக்காக பக்கத்துச் சதுப்பு பிரௌசார் மகனுக்கு என்ன கதி ஆயிற்று என்று அவருக்குத் தெரியும். சட்டத்தின் மேல் அவருக்கு மரியாதை கிடையாது, பயம் உண்டு.

"குனிஞ்சுக்க. ஆபிசருங்க."

"எங்க?"

"பாக்காத! பாத்தா தெரிஞ்சுபோகும்."

வாலைத் தூக்கி, நுனியிலிருந்து ஒரு சாண் தள்ளிக் கத்தியால் துளைத்து, பட்டையை மாட்டி அழுத்தினார். க்ளிக். வில்லோ மரங்களைப் பார்த்து நன்றாகத் தெரியும்படி வாலை உயர்த்தியும் காட்டினார்.

வால் அவர் கையிலேயே நெளிந்தது.

"மச்சான்" என்றாள் லுதிவின், பேருந்தில் யாரோ வாந்தியெடுத்ததைச் சொல்கிற குரலில், "அது என்னப் பாக்குது."

அடுத்து நடந்ததை இருவரும் இன்றுவரை இருவிதமாகச் சொல்கிறார்கள். முதலை வாயைத் திறந்தது மட்டும் இருவருக்கும் பொது. லுதிவின் இஞ்சினுக்கு மேல் ஏறி உட்கார்ந்துவிட்டாள். எப்படி ஏறினாள் என்று அவளுக்கே தெரியாது. வால் ஒரு வீச்சில் காப்பிக் குடுவையையும் கோழி வாளியையும் ஒனேசிமின் கணுக்காலையும் சேர்த்துத் துடைத்தது. அவர் மல்லாந்து விழுந்தார். பெரிய உடல் விளிம்பைத் தாண்டிச் சரிந்தது, தண்ணீர் எழும்பியது, அவ்வளவுதான். கயிறும் இல்லை, முதலையும் இல்லை.

பட்டையும் இல்லை.

ஒனேசிம் எழுந்து உட்கார்ந்து வில்லோ மரங்களைப் பார்த்தார். காற்று வீசியது. பிறந்தநாள் பலூன் ஒன்று, வெள்ளிக் காகிதத்தில் செய்தது, பாதி காற்றிறங்கி, கிளையில் சிக்கி மெல்லத் திரும்பிக்கொண்டிருந்தது.

லுதிவினும் பார்த்தாள். "சல்யூட் அடிங்க மச்சான். ஆபிசர் உங்களையே பாக்குறாரு."

"வாய மூடு."

"எத்தன வயசு ஆபிசருன்னு எழுதியிருக்கு பாருங்க. அஞ்சு."

"வாய மூடுங்கறேன்ல!"

சிரித்து முடித்ததும் அவளுக்கும் முகம் மாறியது. "ஆபிசுக்குப் போன் பண்ணி உள்ளத சொல்லிரலாமா?"

"என்னன்னு சொல்ல? பட்டைய முதலை மாட்டிக்கிட்டுப் போயிருச்சுன்னா?" அவர் துப்பாக்கியிலிருந்த நீரை உதறினார். "நாளைக்கே லெக்ளேர் அம்மா காதுக்குப் போகும். கேல்வின் வந்து பட்டைய வாங்கிக்குவான்." கொஞ்சம் நிறுத்தினார். "அது கெடக்கட்டும். மண்டையில குண்டோட போயிருக்கு. அப்படியே விட்டா நாலு நாள் கெடந்து சாகும். அப்படி ஒண்ண நான் இதுவர விட்டதில்ல."

லுதிவின் இஞ்சினை அணைத்தாள்.

முதலை எங்கே போனாலும் மூச்சு விட்டாகவேண்டும். அடிபட்ட முதலை தொலைவு போகாது. ஒனேசிம் படகின் முனையில் முழந்தாளிட்டு நீரைப் பார்த்தார். கால்வாய் நடுவே குமிழி ஒன்று. நான்கு கோல் தள்ளி இன்னும் மூன்று. அவர் கையைக் காட்டிய பக்கம் அவள் துடுப்பால் தள்ளினாள். குமிழிகள் ஆகாயத்தாமரைக் கூட்டத்துக்குள் போய் மறைந்தன. அங்கே காத்திருந்தார்கள். கொசு கடித்தது. ஒரு மணிநேரம் பேசாமல் இருப்பது லுதிவினுக்கு எத்தனை பாடு என்று அவள் மூச்சிலேயே தெரிந்தது. பொழுது மரங்களை நோக்கி இறங்கிக்கொண்டிருந்தது. சாய்ந்துவிட்டால் சட்டப்படி சுடக்கூடாது.

தாமரையில் ஓரிடம் மட்டும் காற்றில்லாமல் நடுங்கியது.

ஒனேசிம் முப்பிரி கொக்கி கட்டிய கயிற்றை வீசினார். முதல் வீச்சில் இலைதான் வந்தது. இரண்டாவதில் கொக்கி முதலையின் தோளில் மாட்டிக்கொண்டது. கயிறு சீறி ஓடியது. அவர் இரண்டு காலையும் படகின் விலாவில் ஊன்றிக்கொண்டார், அடிபட்ட கணுக்கால் உயிரை வாங்கியது. கயிற்றை விட்டுத் துப்பாக்கியை எடுக்க வழியில்லை.

"நீ எடு" என்றார். அந்த இரண்டு சொல்லைச் சொல்ல அவருக்கு ஆயுளில் ஒரு வருஷம் குறைந்தது.

லுதிவின் எடுத்தாள். தலை மேலே வந்தது, புரண்டது.

"சுடு!"

அவள் சுடவில்லை.

"சுடுடி! பொழுது போகுது!"

"போகட்டும். தலை நிக்கல."

"கை போகுதுடி எனக்கு!"

"கத்தாதீங்க, நீங்க கத்துனா படகு ஆடுது."

மறுபடி புரண்டது. மறுபடி காத்தாள். ஒனேசிம் தனக்குத் தெரிந்த பிரெஞ்சு வசவுகளையெல்லாம் முதலைக்கும் கொழுந்தியாளுக்கும் சமமாகப் பங்கிட்டார். முதலை களைத்தது. மூக்கை நீருக்குமேல் நீட்டி ஒரு கணம் அசையாமல் நின்றது. வெடி சின்னதாகத்தான் கேட்டது.

அவள் இழுக்கவிடவில்லை. கழியை நீட்டிக் கண்ணைத் தொட்டாள். இமை அசையவில்லை. எண்ணிக்கொண்டு மறுபடி தொட்டாள். பிடரியை அறுத்தாள், கம்பியை விட்டாள், தாடையில் கறுப்பு டேப்பை நான்கு சுற்று சுற்றினாள். ஒனேசிம் கையைக் கட்டிக்கொண்டு அந்தப் பக்கம் பார்த்துக்கொண்டிருந்தார். ஆனால் ஓரக்கண்ணால் ஒன்றையும் விடவில்லை. வாலில் பட்டை பத்திரமாக இருந்தது.

துறையில் தோல் வியாபாரியின் ஆள் அளந்தான். பதினோரு அடி நாலு அங்குலம். பட்டையின் எண்ணைப் படிக்க அதைத் துடைத்தான். "என்ன பெரியவரே, பட்டைக்குள்ள பாசி ஏறியிருக்கு?"

"மழை" என்றார் ஒனேசிம். ஒரு வாரமாக மழை இல்லை. அவன் எண்ணை எழுதிக்கொண்டு லெக்ளேர் சதுப்பின் பெயருக்கு நேரே இருபத்தாறு என்று போட்டான். ஒனேசிம் தலைகீழாக அதை எழுத்துக்கூட்டிப் படித்துச் சரிபார்த்துக்கொண்டார்.

லுதிவின் அவரை அழைத்து முதலையின் தலையைக் காட்டினாள். இரண்டு துளை. பின்னாலிருந்தது அவளுடையது. இரண்டு விரற்கடை முன்னால், கெட்டி எலும்பில் உரசிக்கொண்டு போயிருந்தது அவருடையது.

"நீ படக ஆட்டுன" என்றார்.

"நான் உக்காந்திருந்தேன்."

"உக்காந்துக்கிட்டே ஆட்டுன."

"சரி. எங்க வீட்டுக்காரருக்கு இடுப்பு தேறினாலும் அடுத்த வருஷம் படகுல நான்தான் வருவேன். கண்ணத் தொட்டுப் பாக்காம நீங்க பட்டையக் கையில எடுத்தா, அங்கயே எறங்கி நடந்து வீட்டுக்குப் போயிருவேன்."

"முதலைங்க நடுவுலயா?"

"உங்களுக்கு அதுங்க தேவலாம்."

ஒனேசிம் யோசித்தார். "அது மண்டை கனத்த முதலை. ஆயிரத்துல ஒண்ணு. அதுக்காக மிச்சம் தொள்ளாயிரத்துத் தொண்ணூத்தொம்பது கண்ணையும் தொட்டுக்கிட்டிருக்க முடியுமா?"

"எது அந்த ஆயிரத்துல ஒண்ணுன்னு எப்படித் தெரியும் மச்சான்?"

"பாத்தா தெரியும்."

"இன்னிக்குப் பாத்தீங்களே?"

ஒனேசிம் தொப்பியைத் தட்டித் தலையில் வைத்துக்கொண்டு, கணுக்காலை இழுத்தபடி வண்டியை நோக்கி நடந்தார். பாதி வழியில் நின்று, திரும்பாமலே, "கண்ணு ஆடாததுனால செத்துருச்சுன்னு யாருக்குத் தெரியும், அது சும்மா முறைச்சுக்கிட்டுகூட இருக்கலாம்" என்று சத்தமாகச் சொல்லிவிட்டு, மேலே நடந்தார்.