உதைக்கிற மாடு

ஒரே மாட்டுக்கு மூன்று முறை மருந்து கொடுத்தும் குணமாகவில்லை என்றால் எனக்கு என் மேல்தான் கோபம் வரும். அதைப் பக்கத்தில் நிற்பவர்கள் மேல் காட்டுவேன். அன்று மாதனூரில் பக்கத்தில் நின்றவர், மாட்டுக்காரர் ஜெயசீலன்.

"இன்னா டாக்டரம்மா, களிம்பு போட்டா காம்பு வெடிப்பு ஆறுது, திரும்ப வருது. கறக்கப் போனா உதைக்குது. திமிரு புடிச்ச மாடு. நாளைக்கு சந்தைக்கு ஓட்டிடறேன்."

நல்ல கறவைப் பசு. ஆனால் உதைக்கிற மாட்டை எவன் வளர்க்க வாங்குவான்? கறிக்குத்தான் போகும். மடிநோய் இருக்கிறதா என்று இரண்டு தடவை சோதித்துவிட்டேன், இல்லை.

"எப்பவுமே உதைக்குதா?" என்று எரிந்து விழுந்தேன்.

"ஞாயித்துக்கிழமை மட்டும் சும்மா நிக்கும். நாங்க சர்ச்சுக்குப் போறது அதுக்கும் தெரியும் போல."

இந்த வேடிக்கையை அவர் முதல் நாளே சொல்லியிருந்தார். அப்போது நான் சிரித்துவிட்டு ஊசியை எடுத்திருந்தேன். படித்த முட்டாள் நான்! மாடு வாயால் சொல்லாது, காலால்தான் சொல்லும்.

"என் எதிர்ல கறங்க, பார்க்கணும்."

கறப்பது அவர் மனைவி மோகனா. அப்போதுதான் ஷூ கம்பெனி பஸ்ஸிலிருந்து இறங்கி வந்தவள், கை கழுவிக்கொண்டு சொம்போடு உட்கார்ந்தாள். விரல் பட்டதுமே மாடு உதைத்தது. சொம்பு உருண்டது.

அவள் கையைப் பிடித்துத் திருப்பினேன். ஷூவில் அடிப்பாகம் ஒட்டுகிற சொல்யூஷன் விரல் நுனியெல்லாம் காய்ந்து உப்புத்தாள் போலச் சொரசொரத்தது.

"இதை எப்பம்மா எடுப்பே?"

"தண்ணில போவாது டாக்டரம்மா. மறுநாள் சர்ச்சுக்குப் போகணுமேன்னு சனிக்கிழமை எண்ணெய் தேய்ச்சு உரிப்பேன். திங்கக்கிழமை திரும்ப ஏறிடும்."

"திமிரு இல்லைய்யா, வலி!" என்று ஜெயசீலனிடம் கத்தினேன். "தினமும் உரிச்சிட்டுக் கறக்கட்டும். இல்லன்னா நீங்க கறங்க. பத்து நாள் பாருங்க, சந்தைக்கு ஓட்டாதீங்க."

"சரி, பத்து நாள்," என்றார் அரைமனதாக.

மோகனா தேங்காய் எண்ணெய் தேய்த்து உரித்தாள். சொல்யூஷனோடு தோலும் வந்தது. அடியில், காம்பில் நான் பார்த்த அதே வெடிப்பு, இன்னும் ஆழமாக.

"இதை யார்கிட்டயாவது காட்டினியா?" அதட்டலாகத்தான் கேட்டேன்.

"அது உதைச்சுது, நீங்க மூணு வாட்டி வந்தீங்க. நான் யாரை உதைக்கிறது டாக்டரம்மா?"