ஜெர்ரி ஹாக் தொடாத மெசின்

எங்கள் ஆட்களுக்கு எக்கோ இல்லாமல் ஒரு கலியாணம் நடந்தால் அது நடந்ததாகவே கணக்கில்லை. நான் மேடை ஒலிக்கென்று மூன்று வருடம் முறையாக அவுஸ்பில்டுங் என்ற தொழிற்படிப்பு முடித்தவள். ஜேர்மன்காரரின் நாடக மேடைகளில் நடிகர் மூச்சு வாங்குவதுகூடக் கடைசி வரிசைக்குக் கேட்கும்படி செய்து கொடுக்கிறேன். அதே நான் சனிக்கிழமைகளில் தமிழ் விழாக்களுக்குப் போனால் அங்கே என் படிப்பு செல்லாக்காசு.

“பிள்ளை சுபானி, எக்கோவைக் கொஞ்சம் கூட்டி விடுங்கோ. என்ரை குரல் மொட்டையா நிக்குது” என்பார் அறிவிப்பாளர் லவன் அண்ணை.

“இதுக்கு மேல கூட்டினா நீங்கள் சொல்லுறது ஒருத்தருக்கும் விளங்காது அண்ணை.”

“விளங்கி என்ன செய்யப் போகினம்? சனம் எழும்பிக் கைதட்டினாக் காணும்.”

போதாததற்கு, என் கணினி தரும் எக்கோவும் அவருக்குப் பிடிக்கவில்லை. அந்தக் காலத்து நாடா மெசினின் எக்கோதான் எக்கோ, சுபானி வைத்திருப்பது பிளாஸ்டிக் என்று வருகிறவர் போகிறவரிடமெல்லாம் சொன்னார். எனக்கு ரோஷம் வந்துவிட்டது. நாடா மெசினையே கொண்டுவந்து இவர் வாயை மூடுகிறேன் என்று இணையத்தில் பழைய சாமான் விளம்பரங்களைத் தேடினேன். நடந்த எல்லாவற்றுக்கும் அந்த ரோஷம்தான் காரணம்.

டார்ம்ஸ்டாட்டில் ஹைகே என்றொரு பெண் ஒரு மெசினை விற்பனைக்குப் போட்டிருந்தாள். ஐம்பது வயது தாண்டியவள். தகப்பன் ஆஸ்பத்திரியில் இருப்பதாகவும், அவருடைய நிலவறையைக் காலி செய்வதாகவும் சொன்னாள். “அப்பா சுவீடன்காரர். இளமையில் பாட்டுக்காரராக இருந்தவர். எனக்குத் தெரிந்து கார் ஓட்டப் பழக்குகிறவர்தான். இதை அவர் ஒருநாளும் தொட்டதில்லை.”

மெசின் கம்பளியில் சுற்றி, கயிற்றால் கட்டியிருந்தது. அவிழ்த்துப் பார்த்தபோது பிளக்கின் இரண்டு முனைகளும் கறுப்பு ஒட்டு ரேப்பால் இறுகச் சுற்றியிருந்தன. யாரோ இதைச் சுவரில் செருகக்கூடாது என்று நினைத்திருக்கிறார்கள். வாகனத்தில் இருந்தபடியே அதை நகத்தால் உரித்துப் போட்டேன்.

இந்த மெசினைப் பற்றிக் கொஞ்சம் சொல்ல வேண்டும். உள்ளே முழ நீளத்தில் ஒரு நாடா வளையமாகச் சுற்றிக்கொண்டே இருக்கும். மைக்கில் பேசுவது அதில் பதியும், உடனே திரும்ப ஒலிக்கும், சுற்றி வரும்போது அழியும். மறுபடி பதியும். பேச்சின் நடுவில் மின்சாரம் நின்றால், கடைசியாகப் பேசியதில் ஒரு துண்டு மட்டும் அழியாமல் நாடாவிலேயே கிடக்கும். எத்தனை வருடமானாலும் கிடக்கும். அடுத்த முறை மெசினைப் போடும்போது அது ஒரே ஒரு தடவை ஒலிக்கும், ஒலித்த கையோடு அழிந்துபோகும். ஆகவே பழைய மெசின் வாங்கினால் முதலில் நாடாவைக் கழற்றி எடுத்துவைத்துவிட்டுப் புதியதைப் போடுவதுதான் தொழில் ஒழுங்கு. என் பையில் புது நாடா இருந்தது. உள்ளே கெட்டுப்போன இரண்டு கொண்டென்சர்களை மாற்றவே ஒரு கிழமை போய்விட்டது. போட்டுப் பார்க்கவும் நேரமில்லை, நாடாவையும் பிறகு பார்ப்போம் என்று விட்டுவிட்டேன்.

சனிக்கிழமை காலை எட்டு மணிக்குக் கிறீஸ்ஹைமில் கலியாண மண்டபம். கதிரைகள் மட்டும் வரிசையாக நின்றன. நான் தனியாள். ஸ்பீக்கர்களைப் பூட்டி, மெசினைச் செருகி, சுவிச் ஆளியைப் போட்டேன்.

முதலில் ஓர் ஆழமான முனகல் வந்தது. மோட்டர் வேகம் பிடிக்கப் பிடிக்க அந்த முனகல் மேலே ஏறி, ஓர் இளம் ஆணின் சிரிப்பாக மாறியது. பின்னால் எங்கோ டிரம் அடிக்கும் சத்தம். ஒரு விநாடிக்குச் சற்றுக் கூட இருக்கும், அவ்வளவுதான். வெற்று மண்டபம் முழுக்க நிறைந்து ஓய்ந்தது. சிரிப்பென்றால் ஏளனச் சிரிப்பு இல்லை. சண்டை பிடித்துக்கொண்டிருக்கும்போதே சிரிப்பை அடக்க முடியாமல் போய்விடுமே, தம்பி தங்கைகளோடு வளர்ந்தவர்களுக்குத் தெரியும், அந்தச் சிரிப்பு.

எனக்கு மயிர்க்கூச்செறிந்தது. பழைய துண்டு ஏதோ நாடாவில் கிடந்திருக்கிறது என்று விளங்கவும் செய்தது. ஆனாலும் கை பழக்க தோஷத்தில் மைக்கை எடுத்துவிட்டது. “ஹலோ, ஹலோ, மைக் டெஸ்டிங், வண் டூ த்ரீ” என்றேன். என் குரல்தான் திரும்பத் திரும்ப வந்தது. அன்று முழுக்க லவன் அண்ணைக்குத் தலைகால் தெரியாத சந்தோஷம். மணமக்களை அவர் எட்டுத் தடவை வரவேற்றார்.

ஆனால் அந்தச் சிரிப்பு என்னை விடவில்லை. ஞாயிற்றுக்கிழமை சமைக்கும்போதும் காதுக்குள் நின்றது. ஹைகேயின் குடும்பப் பெயர் ஹாக்ஸ்ட்ராம். அதை வைத்து இணையத்தில் துழாவினேன். யோரான் ஹாக்ஸ்ட்ராம், மேடைப் பெயர் ஜெர்ரி ஹாக். சுவீடனில் ராக் அண்ட் ரோல் பாடத் துணிந்த முதல் ஆட்களில் ஒருவராம். வானொலியில் கேட்ட ஆங்கிலப் பாட்டுகளை அர்த்தம் தெரியாமலே பாடி, பதினெட்டு வயதில் பூங்கா மேடைகளில் முழங்காலில் விழுந்து எழும்பினாராம். பத்திரிகைகள் திட்டத் திட்டப் பெண் பிள்ளைகள் கூடினார்களாம். ஒரு பழைய கறுப்பு வெள்ளைப் படத்துண்டு கிடைத்தது. அவர் இடுப்பை வெட்டிப் பாடுகிறார். பின்னால் கிற்றாரோடு மெலிந்த பையன் ஒருவன் நிற்கிறான். அவன் பெயர் எங்கேயும் போட்டிருக்கவில்லை.

செவ்வாய்க்கிழமை பின்னேரம் என் வேலையறை வாசலில் ஒரு டாக்சி நின்றது. ஊன்றுகோலோடு நெடிய கிழவர் ஒருவர் இறங்கினார். மகள் ஹைகேயிடம் என் பெயரும் விலாசமும் வாங்கி வந்திருக்கிறார். முடி முழுக்க வெள்ளை, ஆனால் படத்துண்டில் கண்ட அதே வாரல். கையைக்கூடத் தரவில்லை.

“அதைப் போட்டுப் பார்த்தீர்களா?” என்று ஜேர்மன் மொழியில், டொச்சில் கேட்டார்.

விற்ற சாமானைத் திருப்பிக் கேட்டுச் சண்டைக்கு வந்திருக்கிறார் என்று நினைத்தேன். திருத்தியது, பாவித்தது என்று இழுபறிப்பட நேரமில்லை. “இல்லை, இன்னும் இல்லை” என்றேன். வாயில் வந்த பொய். இப்படி எத்தனையோ பொய்களை ஆட்களைச் சமாளிக்க நான் சொல்லியிருக்கிறேன், ஒன்றும் ஆகவில்லை.

கிழவர் அப்படியே கதிரையில் இருந்தார். இரண்டு கையாலும் முகத்தைப் பொத்திக்கொண்டார். “கடவுளே” என்றார். பிறகு அவர் சொல்லத் தொடங்கினார், நான் ஒவ்வொரு வசனத்துக்கும் உள்ளுக்குள் இறங்கிக்கொண்டே போனேன்.

மெலிந்த பையன் அவருடைய தம்பி லாஸெ. பாட்டு உண்மையில் லாஸெக்குத்தான் வரும், தனக்கு இடுப்புத்தான் வரும் என்றார். அறுபத்தோராம் ஆண்டு இரண்டு பேரும் ஜேர்மனிக்கு வந்து அமெரிக்கப் படைவீரர்களின் கிளப்புகளில் பாடினார்கள். ஓர் இசைத்தட்டுக் கொம்பனி அண்ணனை மட்டும் எடுத்தது, டொச்சில் பாடச் சொன்னது. தம்பியை விட்டுவிட்டுக் கையெழுத்துப் போட்டுவிட்டு வந்து, ஒரு பின்னேரம், ஒத்திகை நடக்கும்போது மேடையிலேயே அதைச் சொன்னார். வாய்ச்சண்டை முற்றியது. எல்லாருக்கும் முன்னால் தம்பியின் கன்னத்தில் அறைந்துவிட்டார்.

“அறைந்துவிட்டுப் பின்பக்கம் போனேன். திரும்பிப் பார்த்தால் அவன் மைக்குக்குக் கிட்டப் போகிறான். முதுகுதான் தெரிந்தது. டிரம்காரன் எங்களைக் கவனியாமல் அடித்துக்கொண்டிருந்தான். என்னைப் பற்றி எல்லாருக்கும் கேட்கும்படி சொல்லப்போகிறான் என்று பயந்து சுவரிலிருந்த மெசினின் பிளக்கை இழுத்தேன். அவனுடைய தோள் இரண்டும் குலுங்கின. அவ்வளவுதான் கண்டேன். கிற்றாரைக் கீழே வைத்துவிட்டு, திரும்பிப் பாராமல் மோட்டார் சைக்கிளில் போனான். பாரவண்டி ஒன்றுக்குக் கீழே போய்விட்டான்.”

“அழுதான் என்று நினைக்கிறீர்களா?” என்று கேட்டேன்.

“அறுபத்து மூன்று வருடமாக அவன் அழுகிறான்.”

லாஸெ ஓர் இசைத்தட்டிலும் பாடவில்லை. ஒளித்துண்டுகளிலும் அவன் வாய் திறப்பதில்லை. அவன் குரல் மிச்சமிருப்பது இந்த நாடாவில் மட்டும்தான். ஜெர்ரி ஹாக் டொச்சில் மூன்று பாட்டுகள் பாடிப் பெயர் எடுத்தார். ஒரு படத்தில் பாட்டுப் பாடும் பால்காரனாக வந்தார். பிறகு இங்கிலாந்திலிருந்து நான்கு நான்கு பேராகப் பாட்டுக்காரப் பையன்கள் வர, இவரை யாரும் தேடவில்லை. கப்பல்களில் பாடினார், தளபாடக் கடைத் திறப்பு விழாக்களில் பாடினார். எங்கே பாடினாலும் தன் குரல் அடங்கும் இடத்தில் இன்னொருவன் மூச்சு எடுப்பது கேட்கும் என்றார். கடைசியில் அதைத் தாங்க ஏலாமல் பாட்டை விட்டுக் கார் பழக்கினார்.

“ஒரே ஒரு தடவைதான் கேட்கலாம் என்பது எனக்குத் தெரியும். அதனால்தான் தொடவில்லை. அவன் அழுதிருந்தால், கேட்ட பிறகு நான் எப்படி இருப்பது? ஆஸ்பத்திரியில் கிடக்கும்போது முடிவு செய்தேன். அழுகையோ சாபமோ, எனக்கு உரியதை நான் கேட்டுவிட்டுப் போக வேண்டும். போடுங்கள், பிள்ளை.”

அந்த இடத்தில் நான் சொல்லியிருக்க வேண்டும். வாய் வரைக்கும் வந்தது. பதிலுக்கு, “நாடா பழசு, அறுந்துவிடும், ஒரு நாள் தாருங்கள்” என்றேன். மேசை லாச்சிக்குள் புது நாடா கிடந்தது. மாற்றிவிட்டு, பழசு தூளாகிவிட்டது என்று சொல்லலாம் என்றுகூட நினைத்தேன். அவ்வளவு கேவலமாக நினைத்தேன், மறைக்க ஒன்றுமில்லை.

“அறுந்தால் அறுகிறது” என்று கிழவர் எழும்பினார். கார் பழக்கியவரின் நிதானத்தோடு பிளக்கைச் செருகினார். நான், “வேண்டாம், ஹெர் ஹாக்ஸ்ட்ராம்” என்று கத்துவதற்குள் ஆளியைப் போட்டுவிட்டார்.

முனகல் வந்தது. கிழவர் கண்ணை இறுக மூடினார். முனகல் மேலே ஏறி ஏறி, லவன் அண்ணையின் குரலானது. “...வந்திருந்த அனைவருக்கும் நன்றி...”

பிறகு நாடா சுற்றும் சத்தம் மட்டும்.

அவர் கண்ணைத் திறக்கக் கனநேரம் எடுத்தது. “இது யார்?” என்றார்.

“எங்கள் அறிவிப்பாளர். சனிக்கிழமை, ஒரு கலியாணத்தில்.”

“சனிக்கிழமை.” அவர் கத்தவில்லை. கத்தியிருந்தால் எனக்கு நல்லது. ஊன்றுகோலைத் தேடினார், அது அவர் கையிலேயே இருந்தது.

நான் அவருக்கு முன்னால் முழங்காலில் இருந்துவிட்டேன். “நான் கேட்டேன். உங்கள் தம்பி அழவில்லை. சிரித்தார். உண்மையாகச் சிரித்தார். சண்டைக்கு நடுவில் அடக்கேலாமல் வருமே, அந்தச் சிரிப்பு. பின்னால் டிரம் சத்தமும் கேட்டது.”

அவர் முகத்தில் ஏதோ வெளித்தது. ஒரு கணம் அந்தக் கறுப்பு வெள்ளைப் பையன்தான் என்னைப் பார்த்தான். அது எவ்வளவு நேரம் நின்றது என்று கேட்டால், நாடாவில் இருந்த சிரிப்பு அளவுக்குத்தான் நின்றது.

“டிரம் அடித்ததை நான்தான் உங்களுக்குச் சொன்னேன்” என்றார் மெல்ல. “வாசலில் நான் கேட்டபோது ஏன் இல்லை என்றீர்கள்?”

“பயத்தில். அது பொய். இது உண்மை. என் அம்மாவாணை உண்மை.” அம்மாவாணையை டொச்சில் சொன்னால் அதில் சத்து இல்லை. தமிழிலும் சொன்னேன். யாருக்கு விளங்கும்?

அவர் என் தலையில் கை வைத்தார். “நல்ல பெண் நீங்கள். என் மகளும் இப்படித்தான். டாக்டர் சொல்வதை இனிப்பாக மாற்றி வந்து சொல்வாள். நான் நம்புவதுபோல இருப்பேன்.”

“நான் மாற்றவில்லை!”

“அறை வாங்கியவன் சிரிக்கமாட்டான், சுபானி.”

டாக்சி வந்தது. மெசினைக் கொண்டுபோங்கள் என்றேன். அதில் இனி என்ன இருக்கிறது என்று கேட்டார், கோபமாக இல்லை, தெரியாதவர் கேட்பதுபோலக் கேட்டார். கதவைச் சாத்தப் போனபோது கண்ணாடியைப் பிடித்துக்கொண்டு இன்னொரு தடவை சொன்னேன். அவர் தலையை ஆட்டினார், சின்னப் பிள்ளைக்கு ஆட்டுகிறமாதிரி.

அவர் ஒக்டோபரில் போய்விட்டார். ஹைகே ஒரு வரி எழுதியிருந்தாள். கடைசி நாட்களில் தம்பி அழுகிறான், அறைக்கு வெளியே போய்ப் பாருங்கள் என்று தாதிமாரைக் கேட்டுக்கொண்டே இருந்தாராம்.

லாஸெ அழவில்லை. அண்ணன் அறைந்ததை அந்த இடத்திலேயே மன்னித்துவிட்டுச் சிரித்தான். உலகத்தில் அதைக் கேட்டது நான் ஒருத்திதான். வாசலில் நின்று ஒரு கிழவருக்கு “இல்லை” என்று சொன்னதும் நான்தான். நீங்களாவது நம்புங்கோ, அவன் சிரித்தான்.